முதுகு காட்டும் பூனை

ஜூன் 9, திங்கள்

இன்று வீட்டில் இருந்தவர்கள்: தங்கபுஷ்பமாகிய நான். என் மகன் செல்வின். மருமகள் ஹெப்சிபா. மருமகளைப் பெற்ற ரூபாவதி, நாசரேத்திலிருந்து வந்து இறங்கியவள். அவள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு உள்ளே வந்த ஆட்டோக்காரர் சுடலை. மாசி.

மாசி பூனைதான். ஆனாலும் பேரை விடக்கூடாது. யார் யார் இருந்தார்கள் என்று எழுதி வைக்காவிட்டால் பின்னால் "அப்பிடி ஒண்ணும் நடக்கலையே அத்தை" என்பார்கள். நான் படித்தது நாலாம் வகுப்பு. ஆனால் யார் எங்கே நின்று என்ன சொன்னார்கள் என்பது எனக்கு மறக்காது. எனக்குப் பிறகு யார் ஞாபகம் வைத்திருக்கப் போகிறார்கள்? பாத்திரக்கடையில் கொடுத்த டைரி சும்மா கிடந்தது, எடுத்துவிட்டேன்.

ரூபாவதியின் வீட்டில் மேல்தளம் பெயர்ந்து விழுகிறதாம். இடித்துக் கட்டுகிறார்கள். வேலை முடியும்வரை தூத்துக்குடியில் மகளோடு இருக்கப் போகிறாள். அதாவது என் வீட்டில்.

வந்ததும் வராததுமாக முதலூர் மஸ்கோத் அல்வாப் பெட்டியை என் கையில் கொடுத்தாள். எனக்குச் சர்க்கரை என்று அவளுக்கு நன்றாகத் தெரியும்.

அப்போதுதான் மாசி கட்டிலுக்கு அடியிலிருந்து வெளியே வந்தது. குட்டியாக மாசிக்கருவாட்டு டின்னுக்குள் கிடந்த பூனை, அதனால் அந்தப் பேர். செல்வின் அப்பா செத்துப்போன வருஷம் வந்தது. ஒன்பது வருஷமாக அதற்கு மீன் தலை போடுவது நான். மழை பெய்தால் துடைத்துவிடுவது நான். அது நேரே ரூபாவதிக்கு முன்னால் போய் நின்றது. கண் கொட்டாமல் அவளையே பார்த்தது. பிறகு வாலை ஆட்டியது. இந்தப் பக்கம், அந்தப் பக்கம், தரையில் பட்டுப் பட்டென்று அடிக்க அடிக்க ஆட்டியது.

எங்கள் அப்பா வீட்டில் டைகர் என்று நாய் இருந்தது. வாலாட்டினால் என்ன அர்த்தம் என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். இத்தனை வருஷத்தில் மாசி எனக்கு ஒரு தடவை அப்படி ஆட்டியதில்லை.

"யம்மா, மாசிக்கு எங்க அத்தையப் பிடிச்சிட்டுது பாருங்க" என்றான் செல்வின். பெற்ற பிள்ளை.

"என்ன மைனி, ஒங்க பூனை என்னயக் கண்டதும் இந்த ஆட்டு ஆட்டுது?" என்று ரூபாவதி சிரித்தாள்.

ஆட்டோக்காரரும் சிரித்தார். அவருக்கு என்ன வந்தது? எழுதிவிட்டேன்.

ஜூன் 10

அல்வா நல்லா இருந்ததாம். நான் கேட்கவில்லை.

ஜூன் 14, சனி

சாளை மீன் வாங்கினேன். கொல்லையில் உட்கார்ந்து ஆய்ந்தேன். மாசி வந்தது. வந்து என் காலை ஒட்டி உட்கார்ந்தது, எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு. "மாசி" என்றேன். ஒரு காதை மட்டும் பின்னால் திருப்பியது. முகத்தைத் திருப்பவில்லை. வாடகை பாக்கி வைத்தவன் கூப்பிட்டால் வீட்டுக்காரன் நிற்பானே, அந்த மாதிரி.

படுக்கிறதும் என் கட்டிலில்தான். ஆனால் வாலும் பின்பக்கமும் என் முகத்துக்கு நேரே இருக்கும். அதன் முகம் வாசலைப் பார்த்து இருக்கும். எப்போதாவது என்னைப் பார்த்தாலும் கண் இரண்டும் மெதுவாகச் சொக்கி மூடிக்கொள்ளும். என்னைப் பார்த்தால் தூக்கம் வருகிறது. ரூபாவதியைப் பார்த்தால் மட்டும் இரண்டு கண்ணும் விளக்குப் போட்ட மாதிரி விரிகிறது.

எனக்கு முதுகு புதிதில்லை.

செல்வின் அப்பா உப்பு லாரி ஓட்டினார். கல்யாணமான நாளிலிருந்து சுவர்ப்பக்கம் திரும்பித்தான் படுப்பார். என் பக்கம் முதுகு. அது தெற்குச் சுவர். தெற்கே போனால் நாசரேத். நான் சும்மா சொல்லவில்லை. என்னைப் பார்க்க வருவதற்கு முந்தின மாதம் அவர் பெண் பார்க்கப் போனது ரூபாவதியைத்தான். பெண் வீட்டில் வேண்டாம் என்றுவிட்டார்கள். அதற்குப் பிறகு கிடைத்தவள் நான். என் மாமியார் சாகிறவரை இதைச் சொல்லிச் சொல்லிக் காட்டினாள். "அவளை வச்ச கண்ணு வாங்காமப் பாத்தவன், ஒன்னயப் பாக்க வந்த எடத்துல கண்ணைச் சொக்கிட்டு ஒக்காந்திருந்தான்."

அது உண்மைதான். பார்த்தேன். அரைக்கண் மூடித்தான் உட்கார்ந்திருந்தார்.

அவருடைய கிளீனர் ஒருமுறை வீட்டுக்கு வந்தபோது, "அண்ணன் லோடுக்குப் போற எடத்துல படுத்தா செவத்துல முதுக வச்சு வெளிய பாத்துத்தான் படுப்பாவ அக்கா. எல அசஞ்சா முழிச்சிருவாவ" என்றான். அப்போதே எனக்கு வயிறு எரிந்தது. ஊரையெல்லாம் பார்த்துப் படுக்கிறவருக்கு என்னைப் பார்க்க மட்டும் முடியாது.

அதன் பிறகு செல்வினுக்குப் பெண் தேடும்போது அவர் போய் நின்றது எந்த வாசலில்? அதே ரூபாவதி வாசலில். ஹெப்சிபா நல்ல பெண், அவளைக் குறை சொல்லவில்லை. ஆனால் உலகத்தில் வேறு வாசல் இல்லையா?

அவர் பேரை இதில் எழுதமாட்டேன். புருஷன் பேரை நான் சொன்னதும் இல்லை, எழுதினதும் இல்லை. யாருக்காவது வேண்டுமென்றால் ரேஷன் கார்டில் பார்த்துக்கொள்ளட்டும்.

ஜூன் 29, ஞாயிறு

ஆராதனை முடிந்து வந்தோம். ரூபாவதி இன்னும் முக்காட்டை எடுக்காமல் நாற்காலியில் உட்கார்ந்து மாசியைத் தடவப் போனாள். மாசி உடனே காது இரண்டையும் தலையோடு படிய வைத்துக் குனிந்தது. ஆலயத்துக்குள் நுழைகிறவர்கள் முக்காடு போடுகிற மாதிரி! அவளுக்கு அவ்வளவு மரியாதை. என் முன்னால் அந்தக் காது கொம்பு மாதிரி நட்டுக்கொண்டுதான் நிற்கும்.

மத்தியானம் சோறு சரியாக இறங்கவில்லை. பாறை மீன் குழம்பில் உப்பு கூடிவிட்டது. உப்பு போட்டது நான்தான். ஆனால் "உப்பு கூடிட்டோ மைனி" என்று எல்லாருக்கும் கேட்கச் சொன்னது அவள்.

ஜூலை 11

ஹெப்சிபாவுக்கு மறுபடி மூச்சிளைப்பு. விடியும்வரை உட்கார்ந்தே இருந்தாள். கஷ்டமாக இருந்தது. வெந்நீர் வைத்துக் கொடுத்தேன்.

ஜூலை 13, ஞாயிறு

டாக்டர் சொல்லிவிட்டாராம், பூனை முடி ஆகாது என்று. ஹெப்சிபா என்னிடம் பக்குவமாகத்தான் சொன்னாள். "அத்தை, மாசிய எங்கயும் கொண்டு விட வேண்டாம். ஒங்க ரூமுக்குள்ளயும் கொல்லையிலயும் இருந்தாப் போதும். ஹாலுக்கு வராமப் பாத்துக்கிட்டா எனக்கு ஒண்ணுமில்ல."

நான் சரி என்று வாய் திறக்கும் முன்னால் ரூபாவதி முந்திக்கொண்டாள். "எதுக்கு அடைச்சு வைக்கணும்? நான் போகும்போது நாசரேத்துக்குக் கொண்டுட்டுப் போறேன். புது வீடு, எலி வரும். அதுவும் என்மேலதான் உசிரா இருக்கே."

செல்வினுக்கு எல்லாம் விளையாட்டு. "அப்ப மாசியவே கேட்ருவோம். நீங்க ரெண்டுபேரும் எதிர் எதிரா ஒக்காருங்க."

பைத்தியக்காரத்தனம். ஆனால் உட்கார்ந்தேன். நான் கட்டில் ஓரத்தில், அவள் நாற்காலியில். நடுவில் செல்வின் மாசியை இறக்கிவிட்டான். எழுதவே வெட்கமாக இருக்கிறது, பரீட்சை ரிசல்ட் பார்க்கிற பிள்ளை மாதிரி இருந்தேன்.

மாசி நடுவில் நின்றது. நேராக என்னிடம் வந்தது. என் காலில் ஒட்டி உட்கார்ந்தது. நான் குனிந்து தூக்கப் போனேன். அதற்குள் அது திரும்பிக்கொண்டது. எனக்கு முதுகு. முகம் முழுக்க ரூபாவதிக்கு. கண்ணை விரித்து அவளையே பார்த்தது. வால் மட்டும் என் பாதத்தில் பட்டுப் பட்டென்று அடித்தது. அவளுக்காக ஆட்டுகிற வாலால் என் காலில் அடி.

"எங்க அத்தை ஜெயிச்சாச்சு" என்று செல்வின் கை தட்டினான்.

ரூபாவதி மாசியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கொண்டுட்டுப் போங்க" என்றேன். "வாலாட்டுற எடத்துல இருக்கட்டும்."

"அத்தை, சும்மா வெளையாட்டுக்குத்தானே" என்று ஹெப்சிபா ஓடி வந்தாள்.

"நான் வெளையாடல."

ஜூலை 14

பேசினது பேசினதுதான்.

ஆகஸ்ட் 16, சனி

நாசரேத்தில் வேலை முடிந்தது. ரூபாவதி இன்று கிளம்பினாள். மாசியை வயர்க்கூடையில் வைத்து மேலே துண்டைக் கட்டினார்கள். அது கத்திய கத்தல் தெருமுனை வரைக்கும் கேட்டிருக்கும். எனக்குக் கேட்கவில்லை. நான் கொல்லையில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தேன். தேய்த்த பாத்திரத்தையே மறுபடியும் தேய்த்தேன்.

"மைனி, போய்ட்டு வாரேன்" என்று கொல்லை வாசலில் வந்து நின்றாள்.

"சரி."

"பூனையப் பாக்கலியா?"

"அதுதான் என்னயப் பாக்காதே."

ஆகஸ்ட் 17

மீன் தலையைக் காக்காய்க்குப் போட்டேன். காக்காய் ஒரு நன்றியும் காட்டாது. முகத்தை மட்டும் பார்த்துக்கொண்டே தின்னும். அதுவே பரவாயில்லை.

ஆகஸ்ட் 22

ஹெப்சிபாவுக்கு இன்றைக்கும் இளைப்பு. பூனை போயும் இளைப்பு போகவில்லை. நான் ஒன்றும் சொல்லவில்லை.

ஆகஸ்ட் 26

கட்டில் பெரிதாக இருக்கிறது.

செப்டம்பர் 6, சனி

பேத்தி ஜோவிதா பாளையங்கோட்டை ஹாஸ்டலிலிருந்து லீவுக்கு வந்தாள். செருப்பைக் கழற்றும் முன்னே, "மாசி எங்க அப்பாச்சி?" என்றாள். அவளுக்கு யாரும் சொல்லவில்லை போல. நான் சொன்னேன். ஒன்று விடாமல் சொன்னேன், யார் எங்கே இருந்தார்கள் என்பது உட்பட.

"வால ஆட்டுச்சா? எப்பிடி ஆட்டிச்சு?"

கையால் ஆட்டிக் காட்டினேன்.

அவள் என்னைப் பார்த்த பார்வையை மறக்கமாட்டேன். "அப்பாச்சி, மாசி நாய் இல்ல. நாய் வாலாட்டுனா சந்தோஷம். பூனை அப்பிடி அடிச்சா கோவம். கிட்ட வராதனு சொல்லுது. எங்க ஹாஸ்டல்ல நாலு பூனை இருக்கு. எங்க வார்டனைக் கண்டா நாலும் அப்பிடித்தான் ஆட்டும்."

"காதைப் படிய வச்சது?"

"பயம். அதுக்கு மேல தொட்டா பிராண்டிரும்."

நான் வெங்காயத்தை எடுத்து வைத்து உரிக்க ஆரம்பித்தேன். கேட்காமல் விட்டிருக்கலாம். கேட்டுவிட்டேன்.

"முதுகைக் காட்டுனா?"

"யாருகிட்ட காட்டிச்சு?"

"எங்கிட்டதான். ஒம்பது வருஷமா."

ஜோவிதா போனைக் கீழே வைத்தாள். "பிடிக்காதவங்க பக்கம் எந்தப் பூனையும் முதுகத் திருப்பாது அப்பாச்சி. பின்னால நீங்க இருக்கிய, ஒண்ணும் வராதுனு நம்பித்தான் அது முன்னால பாத்துக்கிட்டு ஒக்காரும்."

"கண்ணைச் சொக்கிச் சொக்கி மூடுமே. என்னப் பாத்தா அதுக்குத் தூக்கம்."

"மெதுவாவா மூடுச்சு? அது அதுங்க குடுக்குற முத்தம் மாதிரி."

"சீ, போடி."

வெங்காயம் ரொம்பக் காரம். ஒரு வெங்காயம்தான் உரித்தேன்.

செப்டம்பர் 7, ஞாயிறு

ஆராதனையில் எங்கள் சபைப் போதகர் ஐயர் பிரசங்கம் செய்தார். என்ன சொன்னார் என்று தெரியவில்லை. என் வாழ்நாளில் பிரசங்கம் ஞாபகம் இல்லாத நாள் இதுதான்.

சாயங்காலம் ரூபாவதி மகளுக்குப் போன் போட்டாள். ஸ்பீக்கரில் இருந்தது. மாசி கட்டிலுக்கு அடியைவிட்டு வரவில்லையாம். வைத்த பாலைத் தொடவில்லையாம். யாரும் இல்லாதபோது கொஞ்சம் தின்கிறதாம். "நல்லாத்தான் இருக்கு, பழகிரும்" என்றாள். அந்தக் குரலில் பழைய சிரிப்பு இல்லை.

செப்டம்பர் 9, செவ்வாய்

ஏரல் பாத்திரக்கடையில் ஒரு குத்துவிளக்கு பார்க்கப் போகிறேன் என்று சொல்லிவிட்டு நாசரேத் பஸ்ஸில் ஏறினேன். வயர்க்கூடைக்குள் துண்டும் ஒரு பொட்டலம் மாசிக்கருவாட்டுத் தூளும். குத்துவிளக்கு எதற்கு என்று ஹெப்சிபா கேட்கவில்லை. அவளுக்குத் தெரியும் என்றுதான் நினைக்கிறேன்.

ரூபாவதி கதவைத் திறந்தாள். வலது கையில் முழங்கை வரை பிளாஸ்திரி. எனக்கு முதலில் சந்தோஷமாக இருந்தது. இருந்ததை எழுதிவிட வேண்டும்.

"வாங்க மைனி. தெரியும் வருவியனு."

மாசி உள் அறைக் கட்டிலுக்கு அடியில், மூலையோடு மூலையாக, சுவரில் முதுகை வைத்துக்கொண்டு வெளியே பார்த்துக் கிடந்தது. இளைத்துப் போயிருந்தது. சுவரில் முதுகை வைத்து. அதைப் பார்த்ததும் கிளீனர் பையன் சொன்னது காதில் விழுந்தது.

கூப்பிட்டால் வரவில்லை. கருவாட்டுத் தூளைக் காட்டினேன், வரவில்லை. கோபம் இருக்கும்தானே. கொல்லையில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தவள்மேல் கோபம் வராதா? பிறகு என்ன தோன்றியதோ, தரையில் உட்கார்ந்து நானும் அதற்கு முதுகைக் காட்டினேன். முழங்கால் வலித்தது. அப்படியே இருந்தேன்.

ரூபாவதி காப்பி கொண்டுவந்தாள். சர்க்கரை போடாமல். அவளும் கீழே உட்கார்ந்தாள்.

சும்மா ஒரு பேச்சுக்குக் கேட்டேன். சும்மா இல்லை. கேட்க வேண்டும் என்று கல்யாணம் ஆனதிலிருந்து வைத்திருந்ததைக் கேட்டேன். "மைனி, செல்வின் அப்பா ஒங்களப் பொண்ணு பாக்க வந்தாவல்லா. அன்னைக்கு ஒங்கள வச்ச கண்ணு வாங்காமப் பாத்தாவளாமே."

"யார் சொன்னா?"

"எங்க மாமியா."

ரூபாவதி சிரித்தாள். "பாத்தாவ. பாம்பைப் பாக்குத மாதிரி பாத்தாவ. எங்க அண்ணன்மாரு அஞ்சு பேரும் சுத்தி நிக்காங்க. நாற்காலி நுனியில ஒக்காந்துக்கிட்டு ஒரு காலை ஆட்டு ஆட்டுனு ஆட்டுதாவ. தம்ளர் கடகடங்குது. எப்ப எந்திரிச்சு ஓடுவாவளோனு இருந்துச்சு. வீட்டுக்குப் போயி வேண்டாம்னு ஆளனுப்பிட்டாவ."

"ஒங்க வீட்டுலதானே வேண்டாம்னிய?"

"எங்க அப்பா ஊருக்கு அப்பிடிச் சொல்லிக்கிட்டாவ. மானம் போவுதுல்லா. வேண்டாம்னது செல்வின் அப்பாதான்." காப்பித் தம்ளரைத் தரையில் வைத்தாள். "அவிய ஒங்களுக்குச் சொன்னதே இல்லியா?"

நான் காப்பியை ஒரே மடக்காகக் குடித்தேன்.

"என்னய வேண்டாம்னுட்டு அடுத்த மாசமே ஒங்களப் பாத்துச் சரின்னுட்டாவ. எனக்கு எப்பிடி இருக்கும் மைனி? அப்பறம் செல்வினுக்குப் பொண்ணு கேட்டு எங்க வாசலுக்கே வந்தாவல்லா, அன்னைக்குத்தான் கொஞ்சம் ஆறுச்சு. முழுசா ஆறல. வாலை அடிச்சா பூனைக்குக் கோவம்னு எனக்குத் தெரியாதா? நானும் பூனை வளத்தவதான். ஒங்க காலை ஒட்டிக்கிட்டு அது என்னய முறைச்சதே, அன்னைக்கே தெரியும் அது யாரு பூனைனு. ஒங்களுக்குத் தெரியலனு தெரிஞ்சதும் வாயை மூடிக்கிட்டேன். ஒங்ககிட்ட இருந்து ஒண்ணாவது எனக்கு வரட்டுமேனு இருந்துச்சு."

பிளாஸ்திரிக் கையைக் காட்டினாள். "வந்தது இதுதான்."

அவள் பேசிக்கொண்டிருக்கும்போதே என் இடுப்பில் ஏதோ சூடாகப் பட்டது. நான் திரும்பவில்லை. மாசி தன் முதுகை என் முதுகோடு ஒட்டி உட்கார்ந்திருந்தது. ரூபாவதி அதைப் பார்த்தாள். கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நான் வேறு பக்கம் பார்த்தேன்.

கூடையில் வைத்துத் துண்டு கட்டும்போது அது கத்தவில்லை. பஸ் ஏற்றிவிட வந்தவள் ஜன்னல் வழியாக ஒரு பெட்டியை நீட்டினாள். மறுபடி மஸ்கோத் அல்வா.

"எனக்குச் சர்க்கரை."

"தெரியும். ஜோவிதாவுக்கு. அன்னைக்கும் பிள்ளையளுக்குத்தான் குடுத்தேன். வீட்டுக்குப் பெரியவங்க கையில குடுக்காம வேற யாரு கையில குடுக்க?"

செப்டம்பர் 13, சனி

மாசி என் அறையில் இருக்கிறது. ஹாலுக்கு விடுவதில்லை. கதவை நானே பார்த்துப் பார்த்துச் சாத்துகிறேன். ஹெப்சிபாவின் இளைப்புக்கு வேறு மாத்திரை கொடுத்திருக்கிறார்கள்.

இன்று நெத்திலி. ஆய்கிறபோது மாசி முதுகைக் காட்டி உட்கார்ந்து கொல்லை வாசலைக் காவல் காத்தது. கூப்பிட்டேன். ஒரு காது திரும்பியது. போதும்.

ஜூன் மாதத்துப் பக்கங்களைத் திருப்பிப் பார்த்தேன். யாரை யாரை எழுதி வைத்திருக்கிறேன் என்று படித்தேன். ஆட்டோக்காரர் சுடலை சிரித்ததை மன்னித்து விட்டுவிட்டேன், பாவம், எல்லாரும் சிரித்தார்கள், அவரும் சிரித்தார். கை தட்டின செல்வினை விட்டுவிட்டேன். அவன் அப்பாவுக்குப் பிறந்தவன், அவனுக்கும் ஒன்றும் தெரியாது. ரூபாவதியை விட்டுவிட்டேன். அல்வாவையும்தான். மீன் குழம்பில் உப்பு என்று சொன்னதை மட்டும் வைத்திருக்கிறேன், ஒன்றாவது இருக்கட்டும். செத்துப்போன மாமியாரைக்கூட விட்டுவிட்டேன். அவள் பார்த்ததைத்தான் சொன்னாள், பார்க்கத் தெரியாமல் பார்த்தாள், என்னை மாதிரி.

மாசியை மன்னிக்க ஒன்றும் இல்லை. அதற்கு வாய் இல்லை. வால், காது, கண், முதுகு, இருக்கிற எல்லாவற்றையும் வைத்து அது சொல்லித்தான் பார்த்தது.

வாய் இருந்த ஒருவர் இருந்தார். வேண்டாம் என்று ஆளனுப்பியது நான்தான் என்று ஒரு வார்த்தை, சோறு தின்னும்போதாவது, சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. ஊரிலெல்லாம் சுவரில் முதுகை வைத்துப் படுத்த மனுஷன், என் வீட்டில் என் பக்கம் முதுகைப் போட்டுக் குறட்டை விட்டுத் தூங்கினார். நான் விழித்துக்கொண்டு கிடந்து அந்த முதுகைத் தாண்டி நாசரேத்தோடு சண்டை போட்டேன். தலை நரைக்கிறவரை போட்டேன். அவரை மன்னிக்கமாட்டேன். அங்கே போய்ப் பார்க்கும்போது முகத்துக்கு நேரே கேட்பேன், திரும்பிப் படுக்க விடமாட்டேன். இதைப் பிறகு யாரும் இல்லை என்று சொல்லாமல் இருக்க, முதல் தடவையாகப் பேரையும் எழுதுகிறேன்.

தானியேல்.